திடல் என்று நான் எழுதிய இடம்

போன மாதம் எங்கள் பழைய அலுவலகத்திலிருந்து ஒரு பிள்ளை தொலைபேசியில் கூப்பிட்டாள். புதிதாக வந்த நில அளவையாளர், பெயர் சுகன்யா. நான் ஓய்வு பெற்று ஐந்து வருஷமாகிறது. இன்னும் யாராவது இப்படிக் கூப்பிடுவது உண்டு. பெரும்பாலும் பழைய பிளானில் என் கையெழுத்து விளங்காமல்தான் கூப்பிடுவார்கள்.

"ஐயா, பழைய பிளான் எல்லாத்தையும் கொம்பியூட்டருக்கு ஏத்திறம். நிலத்தின்ட வகை போடுற இடத்தில மூண்டு சொல்லுத்தான் இரிக்கு. மேட்டுநிலம், வயல், நீர்நிலை. உங்கட பிளானுகள்ல திடல் எண்டு எழுதியிரிக்கீங்க. அதை மேட்டுநிலம் எண்டு மாத்தினாச் சரிதானே?"

"மாத்த வேணாம் புள்ள."

"ஏன் ஐயா? ரெண்டும் ஒண்டுதானே?"

எனக்குச் சுள்ளென்று வந்தது. அந்தப் பிள்ளை மீது என்ன கோபம்? கேட்டது நியாயமான கேள்வி. "ஒண்டில்ல, எழுதி அனுப்புறன்" என்று சொல்லி வைத்துவிட்டேன். ஒரு பக்கத்தில் முடிந்துவிடும் என்று நினைத்துத்தான் உட்கார்ந்தேன்.

முதலில் சொல்லை முடித்துவிடுகிறேன். மேடு என்பதற்குக் கணக்கு வழக்குக் கிடையாது. வீதியில் சைக்கிள் ஏறத் திணறும் இடமும் மேடு, குப்பை குவிந்த இடமும் மேடு. பிட்டி என்றால் கடற்கரைப் பக்கத்து மணற்குவியல். அதைக் காற்று கொண்டுவந்து வைக்கும், பிறகு காற்றே எடுத்துக்கொண்டும் போகும். திட்டி ஆற்றுக்குள் இருப்பது. எங்கள் வாவி ஒரு கடலேரி, அதை நாங்கள் ஆறு என்றுதான் சொல்வோம். தண்ணீர் வற்றும்போது திட்டி தலைகாட்டும், நாலு கொக்கு நிற்க இடம் காணும், அவ்வளவுதான்.

திடல் வேறு. அது வயலுக்கு நடுவே உயர்ந்து நிற்க வேண்டும். உச்சி கூராக இருந்தால் அது திடல் இல்லை. தட்டையாக, ஆளும் மாடும் ஏறி வேலை செய்கிற அகலத்தில் இருக்க வேண்டும். வாவிக்கு மேற்கே, படுவான்கரையில், பெரிய அளவில் வயல் செய்கிறவரைப் போடியார் என்பார்கள். ஒரு போடியார் "என்ட திடல்" என்றால், வெட்டிய வெள்ளாமையைச் சூடு என்கிற போராகக் குவித்து வைக்கிற இடம், களம் போட்டு நெல்லைப் பிரித்தெடுக்கிற இடம் என்று அர்த்தம். பள்ளிக்கூடத்தில் பீடபூமி என்று ஒரு சொல் படித்தோம். பரீட்சைக்கு எழுதினோம், பிறகு அதை யாரும் வாயால் சொல்லி நான் கேட்டதில்லை. இந்தியாவில் கூட்டம் நடக்கிற மைதானத்தைத் திடல் என்கிறார்களாம். தொலைக்காட்சியில் அதைக் கேட்ட என் மனைவி, "அவங்களுக்கு வெள்ளம் வாறல்ல போல" என்றாள்.

ஆக, திடல் என்றால் சுற்றியிருக்கிற வயலைவிட உயர்ந்தது என்பது சொல்லிலேயே இருக்கிறது. எந்த வெள்ளத்துக்கு மேலே என்பது சொல்லில் இல்லை. அதைக் கேட்டுத்தான் அறிய வேண்டும். கேட்பதற்கு ஒரு முறை இருந்தது. அந்த முறையை எனக்குக் காட்டித் தந்தவர் ஹமீது சேர்.

நான் களுவாஞ்சிக்குடியான். இருபத்திரண்டு வயதில் வேலை கிடைத்தது. மலைநாட்டில் இரண்டு வருஷம் குளிரில் பல் கிட்டிக்க அளவுச் சங்கிலி இழுத்துப் படித்தோம். பிறகு ஊரோடு வந்துவிட்டேன். ஹமீது சேர் எங்களுக்கு மேலதிகாரி, காத்தான்குடி ஆள். மெலிந்த மனிதர். சட்டைப்பையில் எப்போதும் இரண்டு பென்சில் இருக்கும். சத்தம் போட்டுப் பேசியதை நான் ஒரு நாளும் கேட்டதில்லை. ஆனால் வெளிக்களப் புத்தகத்தைக் கொண்டுபோய் அவர் மேசையில் வைத்துவிட்டு நிற்கிற அந்த ஐந்து நிமிஷத்தில் முதுகு நனைந்துவிடும். விரலை ஒவ்வொரு வரியின் கீழும் வைத்துக்கொண்டு போவார். விரல் நின்றால் அகப்பட்டேன் என்று அர்த்தம்.

"தம்பி, இது பாத்ததா, கேட்டதா, நினைச்சதா?"

இதுதான் அவருடைய கேள்வி. குறிப்பு எழுதுகிற ஒவ்வொரு வரிக்கும் பக்கத்தில் 'பா', 'கே', 'நி' என்று ஓர் எழுத்துப் போட வேண்டும். கண்ணால் கண்டதற்குப் பா, பிறர் சொன்னதற்குக் கே, நாமாக ஊகித்ததற்கு நி. திணைக்களத்தின் எந்தச் சட்டப் புத்தகத்திலும் இது இல்லை, அவராகவே வைத்திருந்த ஒழுங்கு. நாங்கள் இளம் பிள்ளைகள், பின்னால் நின்று 'பாக்கேநி' என்று அவருக்குப் பட்டம் வைத்துச் சிரித்தோம். அவருக்கும் அது தெரியும். ஒரு நாள் என்னிடம், "பாக்கேநி வரச் சொன்னாரெண்டு மத்தவங்களுக்கும் சொல்லுங்க" என்று முகம் மாறாமல் சொல்லிவிட்டுப் போனார். எனக்கு நின்ற இடத்தில் பூமி பிளக்காதா என்றிருந்தது.

வெள்ளக்குறி எடுப்பது பற்றி அவர் இன்னும் கண்டிப்பு. மட்டக் கருவி ஒரு நிலத்தின் உயரத்தைச் சொல்லும். உயரம் தெரிந்த ஒரு கல்லிலிருந்து தொடங்கி, கோலை நிறுத்தி நிறுத்தி வாசித்துக்கொண்டு போனால் விரற்கடை பிசகாமல் சொல்லும். ஆனால் தண்ணீர் எதுவரை வந்தது என்று கருவிக்குத் தெரியாது. அது மனிதர்களிடம்தான் இருக்கிறது. மூன்று பேரிடம் கேட்க வேண்டும், மூன்று பேரையும் தனித்தனியாகக் கேட்க வேண்டும். கேட்கிற நிலத்தில் வைத்துக் கேட்கவே கூடாது. தேத்தண்ணிக் கடைக்கோ வீதிக்கோ கூட்டிக்கொண்டு போக வேண்டும். தண்ணீர் வந்ததா என்றும் கேட்கக் கூடாது.

"பெரிய வெள்ளத்தில மாட்ட எவடத்த கட்டினீங்க எண்டு கேளுங்க. தண்ணி வந்தத மறப்பாங்க, மறைப்பாங்க. மாடு நிண்ட இடத்த மறக்க மாட்டாங்க" என்பார்.

இப்போது அந்த ஒரு வேலைக்கு வருகிறேன்.

சண்டை ஓய்ந்து, இடம்பெயர்ந்த சனம் திரும்பி வந்துகொண்டிருந்த காலம். படுவான்கரையில் ஒரு வட்டை. அந்த வயற்பரப்பின் பெயரை வேண்டுமென்றே எழுதாமல் விடுகிறேன். அதன் நடுவே அரச காணியில் ஒரு திடல் இருந்தது. பதினெட்டுக் குடும்பத்துக்கு அங்கே வீடு கட்டிக் கொடுக்கத் தீர்மானித்திருந்தார்கள். காணியைத் துண்டு பிரித்து, குடியிருக்க உகந்ததா என்று குறிப்பெழுதித் தர வேண்டியது நான். ஒரு கிழமை தந்தார்கள். அப்போது ஹமீது சேர் மௌத்தாகி ஒரு வருஷம். என் புத்தகத்தில் விரல் வைத்துப் பார்க்க ஆள் இல்லை, நானே பெரிய ஆள் ஆகியிருந்தேன்.

மாசி மாதம், அறுவடைக் காலம். நான் போன அன்று திடலின் ஒரு பக்கத்தில் களம் போட்டு வேலை நடந்துகொண்டிருந்தது. தம்பிராசா போடியாரின் களம். காணி அரசாங்கத்துடையது என்றாலும் அவருடைய தகப்பன் காலத்திலிருந்து அங்கேதான் சூடு வைக்கிறார்கள். சூடு மிதிக்க மாட்டுக்குப் பதில் உழவு மெசின் வந்துவிட்டது, களத்து ஒழுங்கு மட்டும் அப்படியே இருந்தது. செருப்போடு களத்துக்குள் போக முடியாது. குடை பிடிக்க முடியாது. எல்லாப் பேச்சும் பேசவும் முடியாது. நெல்லை நெல் என்று சொல்ல மாட்டார்கள், பொலி என்பார்கள். கடகத்துக்குப் பெருவாயன் என்று வேறு பெயர். இல்லை, முடிந்தது, அழிந்தது போன்ற சொற்கள் ஒருவர் வாயிலும் வராது. களத்தில் நின்று குறையைச் சொன்னால் குறை வந்துவிடும் என்பது நம்பிக்கை.

இது எனக்குத் தெரியாதா? என் தாய்மாமனின் களத்தில் 'காணாது' என்று சொன்னதற்காகக் கன்னத்தில் அறை வாங்கியவன் நான்.

சப்பாத்தைக் கழற்றி வரம்பில் வைத்துவிட்டுத்தான் ஏறினேன். மட்டம் எடுத்து முடித்திருந்தோம். வயலிலிருந்து ஓர் ஆள் உயரத்துக்குக் கிட்டத்தட்ட வந்தது, நல்ல உயரம். இனி வெள்ளக்குறி. தேத்தண்ணிக் கடை நாலு மைலுக்கு அங்கால், வெயில் மண்டையைப் பிளக்கிறது, இன்னும் இரண்டு காணி அளக்கக் கிடக்கிறது. போடியார் எதிரே நிற்கிறார்.

"போடியார், இந்தத் திடலுக்கு வெள்ளம் ஏறியிரிக்கா?"

அவர் என்னை ஒரு மாதிரிப் பார்த்தார். கையிலிருந்த வைக்கோல் துரும்பைக் கீழே போட்டார். பிறகு இரண்டு கையையும் விரித்து, "பொலி ஐயா, பொலி! எல்லாம் நிறைவுதான்" என்றார். வேலையாட்களும் சேர்ந்து "பொலி, பொலி" என்று குரல் கொடுத்தார்கள். நான் புத்தகத்தை விரித்து எழுதினேன்: திடல். வெள்ளம் ஏறாது. குடியிருக்க உகந்தது. பக்கத்தில் ஒழுங்காக 'கே' என்று போட்டேன். மற்ற இரண்டு பேரைத் தேடிப் போகவில்லை.

துண்டுகளுக்கு எல்லை முளை அடிக்கிற நாளில் பதினெட்டுக் குடும்பமும் வந்திருந்தது. எட்டாம் இலக்கத் துண்டு யோகம் என்ற பெண்ணுக்கு. புருசன் சண்டையில் செத்துப்போனான், பிள்ளை இல்லை. கூட இருந்தது தகப்பன் கந்தப்பர் மட்டும், அவரும் பாரிசவாதம் வந்து படுத்த படுக்கை. அவரைப் பாயோடு தூக்கிக்கொண்டு ஏழு இடம் மாறியவள். மற்றவர்கள் துண்டின் அகலத்துக்கும் மூலைக்கும் சண்டை பிடித்துக்கொண்டிருக்க, அவள் மட்டும் என் பக்கத்தில் வந்து நின்றாள்.

"ஐயா, எனக்கு அகலமெல்லாம் தேவல்ல. இவடத்த தண்ணி வருமா? அப்பாவத் தூக்கிட்டு இன்னொருக்கா ஓட எனக்கு ஏலா."

"இது திடல். பயப்படாம வீட்டக் கட்டுங்க" என்றேன்.

அவள் முகம் தெளிந்ததைப் பார்த்தபோது எனக்குச் சந்தோசமாக இருந்தது. அதையும் மறைக்காமல் எழுத வேண்டும். நல்ல காரியம் செய்த மிதப்பில் அன்று பின்னேரம் ஜீப்பில் பாட்டுப் பாடிக்கொண்டு வந்தேன்.

இரண்டு மாரி போனது, ஒன்றும் நடக்கவில்லை. மூன்றாம் மாரியில் மார்கழி பிறந்ததிலிருந்து விடாமல் மழை. மேலே குளங்கள் வான் பாய்ந்து வழிந்து, ஆறு நிரம்பி, தண்ணீர் போக வழியில்லாமல் வயலுக்குள் திரும்பியது. அன்று காலை பத்து மணிக்கு பெட்டி பூட்டிய உழவு மெசின் ஒன்றைத் திடலுக்கு அனுப்பியிருக்கிறார்கள். அப்போது தண்ணீர் திடலின் அடியில் முழங்கால் அளவில்தான் நின்றதாம். பதினேழு குடும்பம் ஏறிப் பள்ளிக்கூடத்துக்குப் போய்விட்டது. யோகம் ஏறவில்லை. கொட்டுகிற மழையில் திறந்த பெட்டியில் தகப்பனைப் படுக்க வைத்தால் அவர் உயிரோடு போய்ச் சேர மாட்டார் என்று பயந்தாள். அந்தப் பயத்தோடு அவளுக்கு ஒரு தைரியமும் இருந்தது. மெசின்காரன் பிறகு எனக்குச் சொன்னான்: "நான் கெஞ்சினன் ஐயா. அவ கேக்கல்ல. இது திடல், தண்ணி ஏறாது, சேவயர் ஐயாவே சொன்னவர் எண்டா."

பகல் ஒரு மணிக்குத் தண்ணீர் வீட்டுக்குள் வந்தது. கட்டிலில் கிடந்தவரைத் தூக்கி மேசைக்கு மாற்றினாள். இரண்டு மணிக்கு மேசையைத் தொட்டது. மேசை மிதந்து ஆடத் தொடங்கியதும் அதை மூலையில் முட்டுக்கொடுத்து, நெஞ்சளவு தண்ணீரில் நின்று தகப்பனின் தலையைத் தன் தோளில் தாங்கிக்கொண்டாள். பின்னேரம் நாலரைக்குத் தோணி போனது. அவர் அப்போது உயிரோடு இல்லை. எப்போது போனார் என்று அவளுக்கே தெரியவில்லை. அவருடைய காதுக்குள் பேசிக்கொண்டே நின்றாளாம்.

விசாரித்தார்கள். கொழும்பிலிருந்து இரண்டு பேர் வந்து என் மட்டங்களைத் திரும்பவும் எடுத்துப் பார்த்தார்கள். எல்லாம் சரி. வெள்ளம் ஏறாது என்ற குறிப்பை ஒருவர் வாசித்துவிட்டு, பக்கத்தில் இருந்த 'கே'யைக் காட்டி இது என்ன என்று கேட்டார். கேட்டு எழுதியது என்றேன். "நல்ல பழக்கம்" என்றார். அளவையில் பிழை இல்லை என்று எழுதி முடித்துவிட்டார்கள். அந்த "நல்ல பழக்கம்" என்னை வீடுவரை துரத்திக்கொண்டு வந்தது. ஹமீது சேர் இருந்திருந்தால், எங்கே வைத்து, எத்தனை பேரிடம் கேட்டது என்றும் கேட்டிருப்பார்.

தை மாதம் போடியார் வீட்டுக்குப் போனேன். அவருடைய வெள்ளாமையும் அழுகிப்போய்விட்டது. தாடி வளர்ந்து, பத்து வயது கூடியவர்போல இருந்தார்.

"போடியார், அண்டைக்குக் களத்தில நான் கேட்டன்தானே, வெள்ளம் ஏறியிரிக்கா எண்டு."

"ஓம், கேட்டீங்க."

"பொலி எண்டீங்க."

"வேற என்னத்தச் சொல்ல?" அவருக்குக் குரல் உயர்ந்தது. "சூடு பிரிச்சுப் போட்டுக் கிடக்கு, களத்துக்குள்ள நிக்கிறன். அவடத்த நிண்டு வெள்ளம் ஏறினது, மாடு செத்தது எண்டு சொல்லுவனா? நான் சின்னப்புள்ளையா இரிக்கக்குள்ள அந்தத் திடல்ல மாடு நிக்க ஏலாம நீந்தினது. பதினொரு மாடு போனது தம்பி. நீங்க அதக் களத்துக்குள்ள கேட்டது எனக்குப் பிடிக்கல்ல. மறுகா நினைச்சன், இவரும் நம்மட ஆள்தானே, களத்தில சொல்ல மாட்டன் எண்டு தெரியும்தானே, பின்னேரம் வீட்ட வந்து கேப்பார் எண்டு. ரெண்டு நாள் பாத்திரிந்தன். நீங்க வரல்ல."

"வீடு கட்டக்குள்ளயாவது சொல்லியிரிக்கலாமே போடியார்."

வெற்றிலைத் தட்டத்தை இழுத்தார், பிறகு தள்ளி வைத்தார்.

"மட்டம் பாக்கிற மெசின் வச்சுப் பாத்திட்டாங்க, அவங்களுக்குத் தெரியாததா எண்டு இரிந்திட்டன். இன்னொண்டும் இரிக்கு, மறைக்கல்ல. என்ட களம் போறதுக்காகத் தடுக்கிறன் எண்டு சனம் கதைக்கும். அந்தப் பேச்சுக்குப் பயந்தன். அந்தப் புள்ளைட முகத்தில முழிக்க எனக்கு ஏலா தம்பி."

அவர் மனைவி கொண்டுவந்து வைத்த தேத்தண்ணி ஆறிப்போய்க் கிடந்தது. நான் எழும்பும்போது அவர் என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார். எனக்கு அழவும் வரவில்லை.

யோகத்திடம் சொல்லாமல் இருந்துவிடலாம் என்றுதான் நினைத்தேன். விசாரணை முடிந்துவிட்டது, யாரும் என்னைக் குற்றம் சொல்லவில்லை. மனைவி, "சொல்லி என்ன செய்யப் போறீங்க? போன உசிர் வருமா?" என்றாள். ஒரு மாதம் தள்ளிப்போட்டேன். மட்டம் எடுத்தால் வாசிப்பில் பிழை வந்தது. கடைசியில் ஒரு நாள் காலை போனேன்.

யோகம் திடலை விட்டுவிட்டு வீதியோரம் தகரக் கொட்டில் போட்டு அதில் இருந்தாள். என்னைக் கண்டதும் எழும்பிக் கதிரையைத் துடைத்து வைத்தாள். நான் உட்காரவில்லை. எல்லாவற்றையும் சொன்னேன். களத்தில் வைத்துக் கேட்டதை, போடியார் பொலி என்றதை, அதை நான் ஏறாது என்று எழுதியதை, மற்ற இரண்டு பேரிடம் போகாததை, எதையும் விடாமல் சொன்னேன். திட்டுவாள், மண் அள்ளி எறிவாள் என்று காத்துக்கொண்டு நின்றேன். அப்படிச் செய்திருந்தால் எனக்கு இலேசாக இருந்திருக்கும்.

அவள் முழுவதையும் கேட்டாள். அவளும் படுவான்கரைப் பிள்ளை, களத்தில் வேலை செய்தவள்.

"போடியாரில பிழையில்ல ஐயா," என்றாள். "அவர் களத்தில நிண்டவர். அவடத்த ஆரு கேட்டாலும் அப்பிடித்தான் சொல்லுவாங்க, நானும் அப்பிடித்தான் சொல்லுவன்."

பிறகு என்னை நிமிர்ந்து பார்த்தாள்.

"நான் உங்களக் கேட்ட நேரம் நீங்க களத்திலயா ஐயா நிண்டீங்க?"

இல்லை. அவளுடைய துண்டில், எட்டாம் இலக்க முளைக்குப் பக்கத்தில், சப்பாத்துக் காலோடு நின்றேன். அங்கே எந்தச் சொல்லுக்கும் தடை இருக்கவில்லை. தெரியாது என்று சொல்லியிருக்கலாம்.